60 பேருக்குப் பீன்சும் கறியும்: எந்தப் பயறு, எந்தக் கறி, எந்த நெருப்பு?

ஜனவரி முதல் வாரத்து ஞாயிற்றுக்கிழமை, குழந்தை இயேசுவைக் காண வந்த மூன்று ராஜாக்கள் பண்டிகை. அன்று மதியம் முத்தியால்பேட்டையில் எங்கள் வீட்டு முற்றத்தில் 60 பேர் சாப்பிடப் போகிறார்கள். பிரெஞ்சு ராணுவத்தில் வேலை பார்த்து ஓய்வு பெற்ற சித்தப்பா துலூஸ் நகரத்துக்குப் பக்கத்தில் குடியிருக்கிறார். இரண்டு வருடங்களுக்கு ஒருமுறை கிறிஸ்துமசுக்குப் புதுச்சேரி வருவார். இந்த முறை டிக்கெட் எடுத்த கையோடு தொலைபேசியில் அவர் கேட்டது ஒன்றுதான்: "பிரியாணி வேண்டாம் அம்மா. வெள்ளைப் பீன்சும் கறியும் சேர்த்து, மேலே ஆடை பிடிக்கிற மாதிரி வேகவைத்து எல்லோருக்கும் ஒரு தடவை போடு."

அத்தைக்கு இதில் உடன்பாடு இல்லை. பண்டிகை நாளில் பயறு போட்டால் ஊர் என்ன சொல்லும் என்று கேட்கிறார். நான் சித்தப்பா பக்கம். பிரியாணி தம் உடைத்த அரை மணி நேரத்தில் உச்சத்தில் இருக்கும், அதன்பின் இறங்குமுகம்தான். எங்கள் விருந்தினர்களோ ஒரே நேரத்தில் வருபவர்கள் அல்லர். சம்பா கோயில் பூசை முடித்து வருபவர்கள் 12 மணிக்கு வருவார்கள். கடலூர் முதுநகரிலிருந்து பஸ் பிடித்து வரும் பெரியம்மா குடும்பம் வந்து சேர 2 மணி ஆகும். பீன்சும் கறியும் தணலில் பொறுமையாகக் காத்திருக்கும். காத்திருக்கும் நேரமெல்லாம் கறியின் சாறு பயறுக்குள் இறங்கிக்கொண்டே இருக்கும். பெருங்கூட்டத்துக்கு இதைவிட இணக்கமான சமையலை நான் கண்டதில்லை. கூடவே ரொட்டி இருந்தால் போதும், சோறு வடிக்கிற வேலையும் இல்லை.

என்ன சமைப்பது என்பது இப்படி முடிவாகிவிட்டது. எப்படிச் சமைப்பது என்பதில்தான் ஒரு வாரமாக யோசித்துக்கொண்டிருக்கிறேன். பயறு, கறி, நெருப்பு மூன்றிலும் நான்கைந்து வழிகள் உண்டு. பெரும்பாலானவர்கள் கறியிலிருந்து தொடங்குவார்கள், விலை கூடியது அதுதான் என்பதால். பயறிலிருந்து தொடங்க வேண்டும் என்று நான் சொல்வேன். அதை ஒரு கெட்ட மதியத்தில் கற்றுக்கொண்டேன்.

6 வருடங்களுக்கு முன் 40 பேருக்கு இந்தச் சமையலை முதல் முறையாகச் செய்தேன். ஊறிய ராஜ்மாவோடு தக்காளி, வெல்லம், கறி எல்லாவற்றையும் ஒன்றாகப் போட்டு அடுப்பில் ஏற்றினேன். 4 மணி நேரம் கழித்தும் பயறு பல்லில் சிக்கியது. அதற்குள் கறி நார் நாராகப் பிரிந்துவிட்டது, குழம்பு அடி பிடித்துவிட்டது. பசித்து அழுத குழந்தைகளுக்குத் தெருமுனைக் கடையிலிருந்து புரோட்டா வாங்கிவரச் சொன்னோம். காரணத்தைப் பிறகுதான் தேடித் தெரிந்துகொண்டேன். பயறின் செல்களை ஒன்றோடொன்று ஒட்டி வைத்திருக்கும் பெக்டின் என்ற பொருள் கரைந்தால்தான் பயறு குழையும். தக்காளி, புளி போன்ற புளிப்புப் பொருள்கள் அதைக் கரையவிடாமல் தடுக்கும். வெல்லத்தில் உள்ள கால்சியம் அதை இன்னும் இறுக்கும். சர்க்கரையும் தன் பங்குக்கு வேகும் நேரத்தை நீட்டும். தண்ணீர் கடினமாக இருந்தால் அதிலுள்ள கால்சியமும் மக்னீசியமும் சேர்ந்து அதே வேலையைச் செய்யும். அன்று நான் ஆழ்குழாய்த் தண்ணீரைத்தான் பயன்படுத்தினேன். கடலோரத்தில் இருக்கும் நமக்கு இது சின்ன விஷயம் அல்ல. சோப்பு நுரைக்காத தண்ணீரில் பயறும் சீக்கிரம் வேகாது. இப்போது ஊறவைப்பதும் வேகவைப்பதும் கேன் தண்ணீரில்தான்.

உப்பைப் பற்றி நம் வீடுகளில் இருக்கும் பயத்தையும் இங்கே சொல்லிவிட வேண்டும். முதலில் உப்புப் போட்டால் பயறு வேகாது என்று அம்மா சொல்லிக் கேட்டு வளர்ந்தேன். நடப்பது நேர்மாறு. ஊறவைக்கும் தண்ணீரில் லிட்டருக்கு 15 கிராம் உப்புக் கரைத்தால், உப்பிலுள்ள சோடியம் தோலில் இருக்கும் கால்சியத்தின் இடத்தைப் பிடித்துக்கொள்கிறது. தோல் மெத்தென்று ஆகிறது, வெடிப்பதும் குறைகிறது. 4 கிலோ பயறுக்கு 12 லிட்டர் தண்ணீர், 180 கிராம் உப்பு. காலையில் அந்தத் தண்ணீரைக் கொட்டிவிட வேண்டும்.

இனி எந்தப் பயறு என்ற கேள்வி.

டப்பாவில் வரும் பேக்டு பீன்ஸ்தான் முதல் ஆசை காட்டியது. ஊறவைக்க வேண்டாம், வேகுமா என்ற கவலை வேண்டாம். தம்பி மனைவி, 24 டப்பா வாங்கிக் கறியைத் தனியாக வதக்கிக் கலந்துவிடலாம் என்றாள். ஒரு டப்பா 415 கிராம் என்றால் கணக்கு ஏறக்குறைய சரிதான். ஆனால் பெயரில் பேக்டு என்று இருந்தாலும் அந்தப் பயறு அடுப்பில் சுடப்பட்டதல்ல. தக்காளிச் சாறோடு டப்பாவில் அடைத்து, மூடிய டப்பாவுக்குள்ளேயே வேகவைக்கப்பட்டது. 1886இல் லண்டனில் ஃபோர்ட்னம் அண்ட் மேசன் கடையில் ஹைன்ஸ் டப்பாக்கள் விற்பனைக்கு வந்தபோது அது சீமான்கள் வாங்கும் பண்டம். இன்று இங்கிலாந்தில் காலை உணவுக்கு ரொட்டித் துண்டின்மேல் ஊற்றிக்கொள்ளும் எளிய உணவு. ரொட்டிமேல் ஊற்றத் தக்க பதத்தில் ஏற்கெனவே குழைந்திருக்கும் பயறை மறுபடி 2 மணி நேரம் கறியோடு வேகவிட்டால் கூழாகும். வேகவிடாவிட்டால் கறிச்சாறு உள்ளே இறங்காது. திடீரென்று 10 பேர் வந்து நிற்கும் மாலைக்கு டப்பா கைகொடுக்கும். முன்கூட்டித் தெரிந்த விருந்துக்கு அதன் பக்கம் போக வேண்டியதில்லை.

சிவப்பு ராஜ்மா எந்த மளிகைக் கடையிலும் கிடைக்கும், நிறமும் அழகு. ஆனால் அதில் லெக்டின் என்ற நச்சுப் புரதம் மிக அதிகம். அரைவேக்காட்டுப் பயறு நாலைந்து தின்றாலே வாந்தியும் பேதியும் வரலாம். ஊறவைத்த தண்ணீரைக் கொட்டிவிட்டுப் புதுத் தண்ணீரில் குறைந்தது 10 நிமிடம் தளதளவென்று கொதித்தால் அந்த நச்சு அழிந்துவிடும். அண்டா அளவுச் சமையலில் நடுவும் ஓரமும் ஒரே சூட்டில் இருக்காது, அதனால் நான் 30 நிமிடம் கொதிக்கவிடுவேன். ஆபத்து எங்கே என்றால், மெல்லிய சூட்டில் நீண்ட நேரம் வைக்கும் இந்த மாதிரிச் சமையலில்தான். 80 டிகிரி சூட்டில் மணிக்கணக்காக இருந்தாலும் நச்சு போகாது, கூடவும் செய்யும். ஊறிய பயறைப் பச்சையாகத் தணலில் தம் போடுவது என்ற எண்ணமே வரக்கூடாது. வெள்ளை ராஜ்மாவில் இந்த நச்சு சிவப்பில் இருப்பதில் மூன்றில் ஒரு பங்கு அளவுதான். ஆனாலும் அதையும் கொதிக்கவிடாமல் விட மாட்டேன்.

டபுள் பீன்ஸ் வெண்ணெய் போலக் குழையும், எனக்குத் தனிப்பட்ட முறையில் பிரியமானதும்கூட. இரண்டு மணி நேரத்துக்கு மேல் நெருப்பில் இருந்தால் தோல் ஒரு பக்கம், பருப்பு ஒரு பக்கம் என்று பிரிந்துவிடும். காராமணி அதைவிடச் சீக்கிரம் கரைந்துபோகும்.

மொச்சையிடம்தான் என் மனம் நெடுநேரம் நின்றது. மார்கழி முடிந்து தை பிறக்கும் காலம் மொச்சையின் காலம். பொங்கலுக்கு ஒரு வாரம் இருக்கும்போது ராஜ்மாவைத் தேடிப் போவது எனக்கே உறுத்தியது. சித்தப்பா கேட்கும் சமையலின் கதையும் மொச்சை பக்கம்தான் பேசுகிறது. அதன் பெயர் கசூலே. தெற்குப் பிரான்சில் காஸ்டெல்நோதரி, கார்க்கசோன், துலூஸ் ஆகிய மூன்று ஊர்களும் இது தங்களுடையது என்று உரிமை கொண்டாடும். 14ஆம் நூற்றாண்டில் இங்கிலாந்துக்கும் பிரான்சுக்கும் தொடங்கிய நூற்றாண்டுப் போரின்போது முற்றுகையில் சிக்கிய காஸ்டெல்நோதரி மக்கள், வீட்டில் இருந்த பயறையும் கறியையும் எல்லாம் ஒரே பானையில் போட்டுப் போர்வீரர்களுக்குச் சமைத்ததில் பிறந்தது என்பது அந்த ஊர்க் கதை. கதை உண்மையோ இல்லையோ, அந்தக் காலத்தில் ராஜ்மா வகைப் பீன்ஸ் ஐரோப்பாவில் இல்லை. அது அமெரிக்கக் கண்டத்துப் பயிர். கொலம்பஸ் 1492இல் கடல் கடந்த பிறகுதான் ஐரோப்பாவுக்கு வந்தது. ஆக முதல் கசூலே என்று ஒன்று இருந்திருந்தால், அதில் வெந்தது பழைய உலகத்தின் ஏதோ ஒரு அவரையாகத்தான் இருக்க வேண்டும். மூன்று ராஜாக்கள் பண்டிகைக்குப் பிரான்சில் செய்யும் கேக்கில் மறைத்து வைத்தார்களே, யாருக்குக் கிடைக்கிறதோ அவர் அன்றைக்கு ராஜா என்று, அதுவும் முதலில் ஓர் அவரை விதைதான். நம் மொச்சையும் பழைய உலகத்துப் பயிர். அதைப் போட்டால் சித்தப்பா குறை சொல்ல முடியாது.

ஆகவே போன வாரம் அரைக் கிலோ காய்ந்த மொச்சையையும் அரைக் கிலோ வெள்ளை ராஜ்மாவையும் ஒரே மாதிரி ஊறவைத்து, ஒரே கறிச்சாற்றில் தனித்தனியாக வேகவைத்துப் பார்த்தேன். மொச்சையின் மணத்துக்கு ராஜ்மா பக்கத்தில் நிற்க முடியாது, அதில் எனக்குச் சந்தேகமே இல்லை. ஆனால் தோல் கடைசி வரை தோலாகவே இருந்தது. உள்ளே மாவும் வெளியே தோலுமாக, குழம்பை உறிஞ்சாமல் விலகி நின்றது. புளிக் குழம்பில் அது ஒரு குணம். பிசைந்து சாப்பிடும்போது வாயில் தெரிய வேண்டும். ரொட்டியில் தொட்டு எடுக்கும் கெட்டிச் சமையலில் அது உதவாது. தோலைப் பிதுக்கிவிட்டால் மாவாகிவிடும், 4 கிலோ மொச்சையை உட்கார்ந்து பிதுக்க ஆளும் இல்லை. வெள்ளை ராஜ்மா சாறைக் குடித்து இரண்டு மடங்குக்கு மேல் உப்பி, உருக்குலையாமல் இருந்தது. பயறு வெள்ளை ராஜ்மா என்று முடிவானது அன்று இரவுதான். மொச்சைக்குப் பொங்கலன்று அதற்குரிய மரியாதையைச் செய்துகொள்ளலாம்.

அளவு: ஆளுக்கு 65 கிராம் காய்ந்த பயறு என்று வைத்தால் 60 பேருக்கு 4 கிலோ. வெந்தபின் 9 முதல் 10 கிலோ வரும். வாங்குவதில் ஒரே ஒரு எச்சரிக்கை. பழைய சரக்கு எத்தனை மணி நேரம் ஆனாலும் சரியாக வேகாது, கண்ணால் பார்த்துக் கண்டுபிடிக்கவும் முடியாது. பெரிய மார்க்கெட் பக்கத்தில் சரக்கு வேகமாக ஓடும் மொத்தக் கடையில் முதலில் கால் கிலோ மட்டும் வாங்கி வேகவைத்துப் பாருங்கள். நன்றாக வெந்தால் அதே மூட்டையிலிருந்து மீதியை வாங்குங்கள்.

இப்போது ருசியின் திசை. பீன்சும் கறியும் சேர்ந்த சமையலில் உலகம் அறிந்த இரண்டு பாதைகள் உண்டு. ஒன்று கசூலே. மற்றொன்று அமெரிக்காவின் பாஸ்டன் நகரத்து வழி: வெள்ளைப் பீன்ஸ், உப்பிட்ட பன்றிக் கொழுப்பு, கடுகு, கருத்த கரும்புப் பாகு. ஞாயிற்றுக்கிழமை வேலை செய்யக்கூடாது என்ற மத ஒழுங்கு கொண்டவர்கள் அவர்கள். சனிக்கிழமையே பானையை அடுப்புக்குள் வைத்து, சனி இரவும் ஞாயிறு காலையும் அதையே சாப்பிட்டார்கள். அந்தப் பாகு கரீபியத் தீவுகளில் அடிமைகள் விளைவித்த கரும்பிலிருந்து கப்பலில் வந்தது என்பதையும் மறக்கக் கூடாது. கரும்புக்கு நாம் எங்கும் போக வேண்டாம். கடலூருக்குப் பக்கத்தில் நெல்லிக்குப்பத்தில் சர்க்கரை ஆலையே இருக்கிறது. கருத்த பாகுக்குப் பதிலாக நாட்டு வெல்லத்தையும் பனை வெல்லத்தையும் பாதிப் பாதி கரைத்து ஊற்றினால் அந்த ருசிக்கு வெகு அருகில் வந்துவிடலாம். செய்தும் பார்த்தேன். குழந்தைகள் தட்டை வழித்தார்கள். பெரியவர்கள் இரண்டு வாய்க்குமேல் எடுக்கவில்லை. கறியில் இனிப்பு என்பது நம் நாக்குக்கு ஒரு கரண்டி வரைதான் பிடிக்கும், ஒரு தட்டு முழுக்க அல்ல. அதனால் கசூலே பாதையில் போவது, இறுதியில் 150 கிராம் பனை வெல்லம் மட்டும் கரைத்து ஊற்றுவது என்று வைத்துக்கொண்டேன். 60 பேருக்கு அந்த அளவு இனிப்பாகத் தெரியாது. தக்காளியின் புளிப்பை வட்டமாக்கி, நிறத்தைச் சற்றுக் கருக்க வைக்கும்.

கறி விஷயத்தில் ருசியை மட்டும் பார்த்தால் பன்றிதான். தோலோடும் கொழுப்போடும் கூடிய வயிற்றுக் கறி பயறோடு வேகும்போது, தோலின் பசை சாறைக் கெட்டியாக்கும், கொழுப்பு பயறைப் பளபளப்பாக்கும். கசூலேயும் பாஸ்டன் பானையும் பன்றியை நம்பி நின்றதற்கு அதுவே காரணம். மாட்டிறைச்சி விலையும் குறைவு, நெடுநேரம் வேகத் தக்கதும்கூட. ஆனால் எங்கள் முற்றத்துக்கு வரும் 60 பேரில் சித்தப்பாவின் பழைய முஸ்லிம் நண்பர் குடும்பம் உண்டு, மாட்டிறைச்சி தொடாத பக்கத்து வீட்டார் உண்டு. இரண்டு மூன்று அண்டா வைத்து, "இது உங்களுக்கு, அது அவர்களுக்கு" என்று பந்தியைப் பிரிக்க எனக்கு மனம் இல்லை. எல்லோரும் ஒரே பானையிலிருந்து சாப்பிட வேண்டும் என்பதற்காகத்தானே இந்தச் சமையலை எடுத்தோம். அசைவம் சாப்பிடாத 5 பேருக்கு மட்டும், கறி சேர்ப்பதற்கு முன்பே வெந்த பயறைச் சிறு குண்டானில் எடுத்துத் தனியாகத் தாளித்துவிடுவேன்.

பிராய்லர் கோழி அரை மணியில் கரைந்துவிடும். அதைப் பற்றிப் பேச ஒன்றும் இல்லை. வாத்து கசூலேக்கு உரியதுதான், ஆனால் அதன் கொழுப்பிலேயே அதை ஊறவைத்து வேகவைப்பது 8 பேருக்குச் செய்யக்கூடிய வேலை.

மிச்சம் ஆட்டுக்கறி. விலை அதிகம், ஒப்புக்கொள்கிறேன். ஆனால் கார்க்கசோன் ஊர்க் கசூலேயில் ஆட்டுக்கறி போடுவது அவர்களுடைய பழைய வழக்கம். ஆகவே இது பன்றிக்கு மாற்றாகப் போடும் சமாதானம் அல்ல, அந்தச் சமையலுக்குள்ளேயே இருக்கும் ஒரு வழி. கறிக்கடையில் தொடைக்கறி மட்டும் கேட்காதீர்கள். தொடை நீண்ட நேரம் வெந்தால் வறண்டுவிடும். மார்கண்டமும் கழுத்தும் கலந்து, எலும்போடு 6 கிலோ. பெரிய துண்டாக வெட்டச் சொல்ல வேண்டும், பிரியாணித் துண்டைப் போல இரண்டு பங்கு. பன்றித் தோல் கொடுக்கும் பசைக்கு என்ன செய்வது என்ற கேள்விக்கு நம் சமையலறையிலேயே பதில் இருக்கிறது: ஆட்டுக்கால். சனிக்கிழமை மாலை 8 கால்களைச் சுட்டுச் சுத்தம் செய்து, மிளகும் இஞ்சியும் தட்டிப்போட்டு 3 மணி நேரம் கொதிக்கவிட்டால் கிடைக்கும் சாறு, விரலில் தொட்டால் ஒட்டும். பயறு முழுவதையும் அந்தச் சாறு பிணைத்துக்கொள்ளும். எத்தனையோ முறை செய்த சமையலில் இந்த ஒரு மாற்றம்தான் எனக்குப் பெரிய வெற்றியாகத் தோன்றுகிறது.

சாசேஜ் வேண்டும் என்று சித்தப்பா கேட்பார், துலூஸ்காரர் அல்லவா. அதைத் தனித் தட்டில் பொரித்து வைத்துவிடலாம். வேண்டியவர் எடுத்துக்கொள்ளட்டும்.

நெருப்பைப் பற்றி நான் அதிகம் பேசுவேன், ஏனென்றால் 60 பேர் என்னும்போது கைவிட்டுப் போவது அங்கேதான். வீட்டில் இருக்கும் மின்சார அடுப்பில் 8 பேருக்கான தட்டுதான் நுழையும். பிரஷர் குக்கரில் பயறு வகைகளைப் பாதிக்குமேல் நிரப்பக்கூடாது என்பதால், 10 லிட்டர் குக்கரில் ஒரு தடவைக்குக் காய்ந்த கணக்கில் 1 கிலோதான் போடலாம். நான்கு ஈடு போட்டால் நான்கும் நான்கு பதத்தில் வரும். ஓர் ஈடு குழைந்து, ஓர் ஈடு முனைவெட்டாக நின்றால் கலந்தபின் சரிசெய்ய வழி இல்லை.

ரொட்டிக்கடையின் விறகு அடுப்பு இந்தச் சமையலுக்கென்றே கட்டியது போல இருக்கும். காலை ரொட்டி எடுத்து முடிந்தபின் கல்லில் தங்கியிருக்கும் சூடு மெல்ல மெல்ல இறங்கும். அந்த இறங்கும் சூடுதான் பயறுக்கு வேண்டியது. பாஸ்டனிலும் ரொட்டிக் கடைக்காரர்கள் அக்கம்பக்கத்து வீடுகளின் பானைகளைத் தங்கள் அடுப்பில் வைத்துக் கொடுத்தார்கள். இரண்டு வருடங்களுக்கு முன் 25 பேருக்குச் செய்தபோது, தெரிந்த ஒருவருடைய ரொட்டிக்கடை அடுப்பில் இரண்டு அகலத் தட்டுகளை வைத்தோம். மேலே பொன்னிறமாக ஆடை பிடித்தது. அதை உடைத்து உள்ளே அமுக்கினால் மறுபடி பிடித்தது. காஸ்டெல்நோதரிப் பக்கம் 7 முறை ஆடையை உடைத்து அமுக்க வேண்டும் என்பார்கள், அன்று 4 முறை முடிந்தது. அந்த ருசி இன்னும் நாக்கில் இருக்கிறது. ஆனால் 60 பேருக்கு 5 தட்டு வேண்டும். பண்டிகைக் காலத்தில் அடுப்பு அவர்களுடைய கேக்குக்கே போதாது. கொதிக்கும் தட்டுகளை ஆட்டோவில் வைத்துத் தெரு தெருவாகக் கொண்டுவர வேண்டும். 25 பேர் வரை என்றால் யோசிக்காமல் ரொட்டிக்கடைக்குப் போங்கள். அதற்கு மேலே, அடுப்பு நம் கையில் இருப்பதே நல்லது.

எனவே தேக்சாவும் தணலும். பிரியாணிக்குத் தம் போடும் அதே முறைதான். கீழே குறைந்த தணல், மூடிமேல் நிறையத் தணல். மேலிருந்து இறங்கும் சூடுதான் ஆடையைக் கொடுக்கும், அதனால் அடியைவிட மூடியில் இரண்டு பங்கு தணல் வைப்பேன். கடலூர், புதுச்சேரிக் கரையில் சவுக்கு விறகுக்குக் குறைவில்லை. அது நின்று எரிந்து கெட்டியான தணலாகும். தேங்காய் ஓட்டுத் தணல் சூடு அதிகம், சீக்கிரம் சாம்பலாகிவிடும். மூடியின்மேல் கடைசி அரை மணி நேரத்துக்கு மட்டும் நல்லது.

தேக்சாவின் வடிவத்திலும் ஒரு தேர்வு உண்டு. கசூலே என்ற பெயரே காசோல் என்ற மண்பாத்திரத்திலிருந்து வந்தது. அந்தப் பாத்திரம் அடி குறுகி வாய் அகன்றது. வாய் அகலமாக இருந்தால் ஆடை நிறைய வரும், பயறின் கனம் பயறையே நசுக்காது. பிரியாணித் தேக்சா வயிறு பெருத்து வாய் குறுகியது. வில்லியனூர்ச் சுடுமண் பாத்திரத்தில் செய்தால் எவ்வளவு நன்றாக இருக்கும் என்று ஆசைதான், ஆனால் இந்தக் கூட்டத்துக்கான அளவில் மண்சட்டியைத் தூக்குவது பயம். ஒரே 40 லிட்டர் தேக்சாவுக்குப் பதிலாக, வெள்ளீயம் பூசிய அகலமான செம்புத் தேக்சா 20 லிட்டரில் இரண்டு வாடகைக்குச் சொல்லியிருக்கிறேன். பூச்சு தேயாமல் இருக்கிறதா என்று நேரில் பார்த்துத்தான் எடுக்க வேண்டும். தக்காளி சேரும் சமையல், அதன் புளிப்பு செம்பில் படக்கூடாது. ஒன்று அடி பிடித்தாலும் மற்றொன்று காப்பாற்றும் என்பது கூடுதல் நிம்மதி.

அன்றைய நேரக் கணக்கு இது. சனி மாலை 6 மணிக்குப் பயறு ஊறும், பக்கத்து அடுப்பில் ஆட்டுக்கால் கொதிக்கும். கால் சாற்றை அகலத் தட்டுகளில் ஊற்றி ஆற்றிக் குளிர்பெட்டியில் வைத்துவிட வேண்டும். பெரிய பாத்திரத்தில் மூடி வைத்த கறிச்சாறு இரவெல்லாம் வெதுவெதுப்பாகவே இருந்து கெட்டுப்போகும். ஞாயிறு 5 மணிக்குப் பயறை வடித்து, புதுத் தண்ணீரில் 30 நிமிடம் கொதி, பிறகு ஒரு மணி நேரம் மெல்லிய தீ. பயறை ஊதினால் தோல் சுருண்டு உரிய வேண்டும், அதுதான் இறக்கும் பதம். அந்தத் தண்ணீரில் 3 லிட்டரை எடுத்து வைக்கிறேன். அதற்குள் கறியைத் தன் கொழுப்பிலேயே சிவக்க வதக்கி, 2 கிலோ வெங்காயம், 300 கிராம் பூண்டு, கிராம்பு, பிரிஞ்சி இலை, மிளகு சேர்த்து, கால் சாற்றை ஊற்றி ஒரு மணி நேரம் வேகவிடுவேன். தக்காளி 2 கிலோ, பயறு வெந்தபிறகுதான் உள்ளே போகும். 8.30 மணிக்குத் தேக்சாவில் பயறும் கறியும் அடுக்கடுக்காக, சாறு பயறுக்குமேல் ஒரு விரல் நிற்கும்படி. கரண்டியால் கிளறவே கூடாது. 9 மணிக்குத் தணல்.

கசூலேக்கு மேலே ரொட்டித் தூள் தூவலாமா என்று பிரான்சிலேயே சண்டை உண்டு. நான் தூவப் போவதில்லை. அதற்குப் பதிலாக, 11.30 மணிக்கு முதல் ஆடையை உடைக்கும்போது, வெங்காய வடகத்தை உடைத்து நல்லெண்ணெயில் பொரித்துக் கொட்டுவேன். அந்த வடகத்தின் மணத்தில் மயங்கித்தானே பிரெஞ்சுக்காரர்கள் அதையே வடூவான் என்று தங்கள் சமையலுக்கு எடுத்துக்கொண்டு போனார்கள். பனை வெல்லக் கரைசலும் அப்போதுதான். சாறு வற்றினால், எடுத்து வைத்த பயறுத் தண்ணீரை ஓரமாகச் சூடாக்கி ஊற்றுவேன்.

மீதம் வந்தால் இரண்டு மணி நேரத்துக்குள் சின்னச் சின்ன டப்பாக்களில் பிரித்துக் குளிர்பெட்டிக்குள் போக வேண்டும். மறுநாள் தளதளவென்று கொதிக்க வைத்துச் சாப்பிட்டால் முதல் நாளைவிட நன்றாக இருக்கும், அந்தப் பங்கு வீட்டுக்காரர்களுக்கு.

அத்தையிடம் நேற்று இந்தக் கணக்கையெல்லாம் படித்துக் காட்டினேன். கடைசி வரை கேட்டுவிட்டு, "வடகம் இந்த வருஷம் நான் போட்டது இருக்கிறது, கடையில் வாங்காதே" என்றார். நீள ரொட்டி 70க்குச் சொல்லி வைத்தாயிற்று. 11 மணிக்குச் சூடாக எடுத்துவரத் தம்பி போவான்.